கழித்துவிட்டு வகுங்கள்

மரக்காணத்து உப்பளங்களில் பத்தொன்பது வருஷம், பிறகு எங்கள் பொம்மையார்பாளையத்துக் கரையில் ஐஸுக்கும் டீசலுக்கும் கருவாட்டுக்கும் இருபது வருஷம் கணக்கு எழுதினவன் நான். இப்போது கண்ணில் புரை, நோட்டை விட்டாச்சு. ஆனாலும் காலையில் திண்ணையில் உட்கார்ந்தால் யாராவது ஒரு சீட்டை நீட்டி, "தாத்தா, இது சரியா பாருங்க" என்று நிற்கிறார்கள். மகளிர் குழுவில் இந்த வருஷம் கணக்கு எழுத வந்த பெண்கள் மூன்று பேர். வண்டி ஓட்டிக்கொண்டே சொந்தமாக லோடு பிடிக்கத் தொடங்கியிருக்கும் ஒரு பையன். பன்னிரண்டாவது முடித்துவிட்டு மாமா வைத்திருக்கும் ஐஸ் கடையில் உட்கார்ந்திருக்கும் இன்னொருவன். ஐந்து பேருக்கும் ஒரே சந்தேகத்தை ஐந்து தடவை தீர்த்துவைத்தேன். ஆறாவது தடவைக்குத் தொண்டை இல்லை. நான் சொல்லச் சொல்லப் பேத்தி எழுதுகிறாள். எழுத்துப்பிழை இருந்தால் அவளைக் கேளுங்கள், கணக்குப்பிழை இருந்தால் என்னைக் கேளுங்கள்.

உப்புக்கும் வண்டிக்கும் நான் சொல்லும் ரூபாயெல்லாம் வகுத்தால் மீதி வராமல் இருக்கட்டும் என்று நானே வைத்தவை. அதை வைத்துக்கொண்டு மரக்காணத்தில் பேரம் பேசப் போகாதீர்கள். அங்கே விலை மழையைப் பார்த்து ஏறும், வெயிலைப் பார்த்து இறங்கும்.

1. ஒரே ஒரு சீட்டை வைத்துக்கொண்டு "ஒன்று இன்ன விலை" என்று சொல்லாதீர்கள்.

மாசி மாதம் குழுவுக்குக் கருவாடு போட உப்பு வந்தது. 25 கிலோ மூட்டை, மொத்தம் 12. உப்பு, குட்டி யானை என்கிற சின்ன லோடு வண்டிக்கு வாடகை, ஏற்றுக்கூலி, இறக்குக்கூலி எல்லாம் சேர்த்து ஒரே தொகையாக 2,340 ரூபாய் என்று சீட்டு. புதிதாகக் கணக்கு எழுத வந்த பெண் போனில் தட்டினாள். 2,340ஐ 12ஆல் வகுத்தால் 195. "மூட்டை 195" என்று நோட்டில் எழுதி, அடியில் கோடும் போட்டுவிட்டாள். அடுத்த தடவை 28 மூட்டை தேவைப்பட்டது. 28ஐ 195ஆல் பெருக்கி 5,460 ரூபாயைக் கையிருப்பிலிருந்து எடுத்துத் தனியாக முடிந்து வைத்தார்கள். வண்டி வந்தது. உப்புக்காரர் கேட்டது 4,260.

"கூடவா எடுத்துவைத்தோம்? நல்லதுதானே, 1,200 மிச்சம்" என்று சிரித்தார்கள். மிச்சமில்லை அம்மா, நஷ்டம். கையில் காசு இல்லை என்று நினைத்து அன்று காலை ஏலத்தில் ஒரு கூடை நெத்திலியைப் பக்கத்து ஊர்க்காரருக்கு விட்டுக்கொடுத்தது யார்? அதே நோட்டை நம்பி மூன்று மூட்டை மட்டும் வரவழைத்திருந்தால் தலைகீழாக ஆகியிருக்கும். 585 ரூபாயை வைத்துக்கொண்டு காத்திருப்பார்கள், 1,260 கேட்டு வண்டிக்காரன் வாசலில் நிற்பான்.

195 என்பது பொய் இல்லை. 12 மூட்டை வாங்கிய அந்த ஒரு நாளுக்கு மட்டும் பொருந்துகிற உண்மை.

2. இரண்டு சீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் கழியுங்கள், பிறகு வகுங்கள்.

தை மாதச் சீட்டு ஒன்று குழுவின் டிரங்குப் பெட்டியிலேயே கிடந்தது. 20 மூட்டை, 3,300 ரூபாய். இரண்டையும் திண்ணையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, காற்றில் பறக்காமல் இருக்க மேலே வெற்றிலைப் பெட்டியை வைத்தேன். மூட்டையில் மூட்டையைக் கழி என்றேன். 20இல் 12 போனால் 8. ரூபாயில் ரூபாயைக் கழி என்றேன். 3,300இல் 2,340 போனால் 960. எட்டு மூட்டை கூடியதற்கு 960 ரூபாய் கூடியிருக்கிறது. இப்போது வகு. 960ஐ 8ஆல் வகுத்தால் 120.

மூட்டை விலை 120. இதுதான் நீங்கள் தேடியது.

"அப்படியானால் மீதி எங்கே போச்சு?" என்று அந்தப் பெண் கேட்டாள். நல்ல கேள்வி. நீங்கள் ஏலக்கூடத்தில் பார்த்திருப்பீர்கள், மீனைக் கூடையோடு தராசில் வைக்கிறோம். கூடை எடை தெரியாது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு முறை பாதிக் கூடை நிறுக்கிறோம். அதே கூடையில் இன்னும் கொஞ்சம் மீனைக் கொட்டி மறுபடி நிறுக்கிறோம். இரண்டு எடைக்கும் உள்ள வித்தியாசம் என்ன? புதிதாகக் கொட்டிய மீன் மட்டும்தான். கூடை இரண்டு நிறுவையிலும் இருந்தது, கழிக்கும்போது தானாக ஓடிவிட்டது. வண்டி வாடகையும் அந்தக் கூடை மாதிரிதான். தையிலும் வந்தது, மாசியிலும் வந்தது. 12 மூட்டை ஏற்றினாலும் 20 ஏற்றினாலும் மரக்காணத்திலிருந்து அனுமந்தை, கூனிமேடு, காலாப்பட்டு தாண்டி அதே ஈ.சி.ஆர். ரோட்டில்தான் வந்தது. ஒரு சீட்டை மட்டும் வகுக்கிறவர் கூடையையும் மீனென்று விற்கிறவர்.

ஐஸ் கடைப் பையன் இதைக் கேட்டுவிட்டு, "தாத்தா, இது பத்தாவது புத்தகத்துல சாய்வு-வெட்டுத்துண்டு வடிவம்னு இருக்கு" என்றான். ஆமாம், அதேதான். 120 சாய்வு. அடுத்துச் சொல்லப்போவது வெட்டுத்துண்டு. பரீட்சையில் அதற்கு ஐந்து மார்க் வாங்கினானாம். கடையில் ஐஸ் சீட்டு எழுதும்போது மட்டும் அது அவன் ஞாபகத்துக்கு வரவில்லை.

3. பிறகு திரும்பிப் போய், அசையாத செலவை எடுங்கள்.

மூட்டை 120 என்றால் 12 மூட்டைக்கு 1,440. சீட்டில் 2,340. மீதி 900. சரிபார்க்க அடுத்த சீட்டையும் எடுங்கள். 20 மூட்டைக்கு 2,400, சீட்டில் 3,300, மீதி அதே 900. இரண்டிலும் ஒரே எண் வந்தால் மூச்சு விடலாம். அந்த 900தான் வண்டி.

இந்த எண்ணைத் தெரிந்துவைத்தவனுக்கு ஒரு நாள் கட்டாயம் வேலை வரும். எனக்கு வந்தது. உப்பளத்தில் நான் எழுதிக்கொண்டிருந்த காலம், சித்திரையில் கோடைமழை கொட்டிவிட்டது. பாத்தியெல்லாம் கரைந்து வெறும் தண்ணீர். அம்பாரமாகக் குவித்திருந்த உப்பின் மேல் ஓலையை இழுத்துப் போர்த்திக்கொண்டிருக்கிறார்கள், அந்த நேரத்தில் வெளியூர் வியாபாரி ஒருவர் அனுப்பிய வண்டி வந்து நிற்கிறது. அன்று ஒரு மூட்டைகூடக் கட்ட முடியாது. வண்டிக்காரர் வெறும் வண்டியாகத் திரும்ப வேண்டும், வாடகை கேட்கிறார். வியாபாரி போனில், "சரக்கே ஏத்தலை, எதுக்கு வாடகை?" என்கிறார். வண்டிக்காரர் முழு லோடுத் தொகையையே கேட்கிறார். இருவரும் என்னைப் பஞ்சாயத்துக்கு இழுத்தார்கள். நான் பழைய சீட்டு இரண்டை எடுத்து, கழித்து, வகுத்து, மீதியைக் காட்டினேன். மூட்டை பூஜ்யமாக இருந்தாலும் ஆகிற செலவு இது. வண்டிக்காரருக்கு இதைக் கொடுத்துவிடுங்கள், இதற்கு மேல் ஒரு ரூபாயும் வேண்டாம் என்றேன். இரண்டு பேருக்குமே கொஞ்சம் வருத்தம். ஆனால் எண்ணை மறுத்துப் பேச யாருக்கும் வாய் வரவில்லை.

4. மூன்றாவது சீட்டு இருந்தால் விடாதீர்கள்.

இரண்டு புள்ளிக்கு நடுவே யார் வேண்டுமானாலும் நேர்கோடு போடலாம். கோடு உண்மையிலேயே நேராக இருக்கிறதா என்று மூன்றாவதுதான் சொல்லும். எங்கள் கணக்குப்படி 16 மூட்டைக்கு 2,820 வர வேண்டும். பெட்டியைக் குடைந்தபோது கிடைத்த 16 மூட்டைச் சீட்டில் 2,900 இருந்தது. 80 ரூபாய் இடிக்கிறது. விசாரித்தால், அன்று தூறல். தார்ப்பாய் போட்டதற்கு வாங்கியிருக்கிறார்கள். சரி, அது உப்பும் இல்லை, வண்டியும் இல்லை, தூறல். தனியாக எழுது என்றேன்.

இடித்தால் உடனே ஏமாற்று என்று கத்தாதீர்கள். முக்கால்வாசி நேரம் அதற்குள் ஒரு தார்ப்பாய் இருக்கும்.

5. பட்டம் மாறிய சீட்டுகளைக் கழிக்காதீர்கள்.

மரக்காணத்தில் வடகிழக்குப் பருவமழை வந்தால் உப்பு விளையாது. தை பிறந்து, தண்ணீர் வடிந்து, பாத்தியை மிதித்துச் சீர்செய்த பிறகுதான் மறுபடி வாருபலகைக்கு வேலை. ஐப்பசி, கார்த்திகையில் விற்பது குவித்துவைத்த பழைய உப்பு, விலை அதற்குத் தக்கபடி. லோடு பிடிக்கும் பையன் இதை யோசிக்காமல் ஒரு தைச் சீட்டையும் ஒரு கார்த்திகைச் சீட்டையும் கழித்துக்கொண்டு வந்தான். தையில் 20 மூட்டை 3,300. கார்த்திகையில் 24 மூட்டை 4,740. வித்தியாசம் 4 மூட்டைக்கு 1,440, ஆக மூட்டை 360 என்கிறான்! நானே ஒரு கணம் திகைத்துப்போனேன்.

அப்புறம் நிலையான செலவைக் கண்டுபிடிடா என்றேன். 20 மூட்டைக்கு 7,200. சீட்டில் 3,300தான். அப்படியானால் வண்டிக்காரன் உனக்கு 3,900 ரூபாய் கையில் கொடுத்து, உப்பையும் இறக்கிவிட்டுப் போனானா என்று கேட்டேன். அவனுக்கே சிரிப்பு வந்துவிட்டது. நடந்தது என்ன? கார்த்திகையில் மூட்டை 160 ஆகியிருந்தது. 24 மூட்டைக்கு 3,840, வண்டி 900, கூட்டினால் 4,740. இரண்டு சீட்டும் தனித்தனியே சரி. இரண்டும் வேறு வேறு கோட்டில் இருந்தன, அவ்வளவுதான். அசையாத செலவு பூஜ்யத்துக்குக் கீழே போனால் அங்கேயே நிறுத்திவிட்டுத் தேதியைப் பாருங்கள்.

6. சீட்டில் தேதி, எண்ணிக்கை, மூட்டை எத்தனை கிலோ, இந்த மூன்றும் இல்லாவிட்டால் வாங்காதீர்கள்.

இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருஷம், 50 கிலோ மூட்டைச் சீட்டிலிருந்து 25 கிலோ மூட்டைச் சீட்டைக் கழித்து ஒரு விலை கண்டுபிடித்து, அதன்படி ஒரு மாதம் பட்டியல் போட்டேன். என் முதலாளி கோபக்காரர் இல்லை. கணக்கு நோட்டை என் முன்னால் வைத்துவிட்டு ஒரு நாள் முழுக்க என்னோடு பேசவில்லை. அதைவிடத் திட்டியிருக்கலாம்.

என் தாத்தா காலத்தில் இது இன்னும் பெரிய தொல்லை. எட்டுப் படி ஒரு மரக்கால், பன்னிரண்டு மரக்கால் ஒரு கலம். காசில் பதினாறு அணா ஒரு ரூபாய், பன்னிரண்டு பை ஒரு அணா. ஒன்றுக்கு எவ்வளவு என்று பார்ப்பதற்குள் மூன்று வாய்பாட்டைத் தாண்ட வேண்டும். 1957 ஏப்ரல் 1இல் நயா பைசா வந்து ரூபாய்க்கு நூறு பைசா ஆன பிறகும், கிழவர்கள் அணாவில் நினைத்துப் பைசாவில் எழுதினார்கள். நீங்கள் கொடுத்துவைத்தவர்கள். மூட்டை 120 என்றால் 25ஆல் வகுத்துக் கிலோ 4 ரூபாய் 80 பைசா என்று நிமிஷத்தில் சொல்லிவிடலாம். வண்டி வாடகையை எடுத்த பிறகு வகுத்தால்தான் அது 4.80. எடுக்காமல் வகுத்தால் 7.80 என்று வரும், அதை வைத்துக்கொண்டு ஊரெல்லாம் உப்பு விலை ஏறிவிட்டது என்பீர்கள்.

7. கழிக்கத் தேவையில்லாத கணக்கும் உண்டு. அதை அடையாளம் தெரிந்துகொள்ளுங்கள்.

கடையில் அரைக் கிலோ வாங்கினால் பாதி விலை, இரண்டு கிலோ வாங்கினால் இரட்டை விலை. அங்கே வண்டி இல்லை, கூடை இல்லை. பள்ளிக்கூடத்தில் ஓரலகு முறை என்று சொல்லிக்கொடுத்தது இதற்குத்தான். ஆரியபடர் 499இல் எழுதிய ஆரியபடீயத்திலேயே திரைராசிகம் என்று இந்த மூன்று எண் கணக்கு இருக்கிறது: இத்தனைக்கு இவ்வளவு என்றால் அத்தனைக்கு எவ்வளவு. சங்கப் பாட்டில் வரும் உமணர்கள் வண்டியில் உப்பை ஏற்றிப்போய் நெல்லுக்குச் சமமாக அளந்து மாற்றினார்கள். ஒரு படிக்கு ஒரு படி, நூறு படிக்கு நூறு படி. இதைவிட எளிய கணக்கு வேண்டுமா? சிறுபாணாற்றுப்படையில் வரும் எயிற்பட்டினம் நம் மரக்காணம்தான் என்று அறிஞர்கள் பலர் கருதுகிறார்கள். அப்படியானால் அந்த வண்டிகளில் சில நம் கழுவேலி ஏரிப் பக்கமாகவும் போயிருக்கும்.

உப்புக்கு இன்னொரு நேர்க்கணக்கு இருந்தது, அது கசப்பானது. வெள்ளைக்காரன் போட்ட உப்பு வரி. 1923இல் வைஸ்ராய் ரீடிங், சட்டசபை வேண்டாமென்று சொல்லியும் கேளாமல், மணங்குக்கு ஒன்றேகால் ரூபாயாக இருந்த வரியை இரண்டரை ரூபாய் ஆக்கினார். மணங்கு என்பது 40 சேர். இரண்டரை ரூபாய் என்பது 40 அணா. வகுத்துப் பாருங்கள், சேருக்குச் சரியாக ஒரு அணா. அடுத்த வருஷமே மறுபடி பாதியாகக் குறைத்து அரை அணா ஆக்க வேண்டிவந்தது. அந்த அரை அணாவை எதிர்த்துத்தான் 1930இல் காந்தி தண்டிக்கு நடந்தார், ராஜாஜி திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்தார். அரை அணாவுக்கா இத்தனை ஆர்ப்பாட்டம் என்று கேட்டவர்கள் அப்போதும் உண்டு. இந்த வரியில் அசையாத பகுதி என்று ஒன்றும் இல்லை. ஜமீன்தாரும் சேருக்கு அரை அணா, அவர் வயலில் நாற்று நடுகிறவளும் சேருக்கு அரை அணா. இருவர் வீட்டுக் குழம்புக்கும் உப்பு ஏறத்தாழ ஒரே அளவு. வீதம் சின்னது, அது யார் தலையில் ஏறுகிறது என்பது வேறு கணக்கு. 1947இல் வரியை எடுத்தார்கள்.

8. ஆட்டோ மீட்டரில் ஒரு தடவை போட்டுப் பாருங்கள்.

2013இல் சென்னைக்குத் தமிழ்நாடு அரசு ஆட்டோ கட்டணம் அறிவித்தது. முதல் 1.8 கிலோமீட்டருக்கு 25 ரூபாய், அதற்கு மேல் ஒவ்வொரு கிலோமீட்டருக்கும் 12. இந்தக் கட்டணம் எனக்குப் பிடிக்கும். சாலையில் எவ்வளவு நடந்தது என்பது இங்கே பேச்சில்லை, கணக்காகப் பிடிக்கும்.

5 கிலோமீட்டருக்கு 63 ரூபாய் 40 பைசா. 10 கிலோமீட்டருக்கு 123 ரூபாய் 40 பைசா. கழித்தால் 5 கிலோமீட்டருக்கு 60, கிலோமீட்டருக்கு 12. சரி. இனி திரும்பிப் போங்கள். 5 கிலோமீட்டருக்கு 12 வீதம் 60. மீதி 3 ரூபாய் 40 பைசா. அறிவிப்பில் 3.40 என்று எங்கேயும் எழுதியிருக்கவில்லை. 25க்குள் ஒளிந்து உட்கார்ந்திருக்கிறது. முதல் 1.8 கிலோமீட்டரையும் 12 வீதம் போட்டால் 21.60தான் வரும், மிச்சம் ஏறி உட்கார்ந்ததற்கான கூலி. குறைந்தபட்சக் கட்டணம் 25 முழுவதும் நிலையான செலவு என்று நினைக்கிறவர்கள் இங்கே சறுக்குவார்கள். அந்த 25இல் பெரும்பகுதி ஓடிய ஓட்டத்துக்கானது.

ஆனால் 1.8 கிலோமீட்டருக்குள் இந்தக் கோடு செல்லாது. அரைக் கிலோமீட்டரில் இறங்கினாலும் 25தான். அதைத்தான் அடுத்துச் சொல்கிறேன்.

9. கோடு எங்கே முடிகிறது, எங்கே வளைகிறது என்று கேளுங்கள்.

குட்டி யானையில் 750 கிலோ. 25 கிலோ மூட்டை முப்பது. முப்பது மூட்டைக்கு 4,500. முப்பத்தோராவது மூட்டைக்கும் 120தானே என்று நினைத்தால் தீர்ந்தது. அதற்கு இன்னொரு நடை வேண்டும். இரண்டு வண்டிக்கு 1,800, உப்புக்கு 3,720, ஆகமொத்தம் 5,520. அந்த ஒரு மூட்டையின் விலை 1,020! தம்பி, நீ வண்டிக்காரன், "ஒன்னுதானே, மேல தூக்கிப் போட்டுடலாம்" என்பாய். போடாதே. பொம்மையார்பாளையம் வளைவில் சனிக்கிழமை சாயங்காலம் புதுச்சேரிக்குப் போகிற கார்களைப் பார்த்திருக்கிறாய் அல்லவா?

வீட்டு மின்கட்டணம் இன்னொரு மாதிரி. 2016இலிருந்து இரண்டு மாதத்துக்கு முதல் 100 யூனிட் இலவசம். அதற்கு மேல் படிப்படியாக வீதம் ஏறுகிறது. இரண்டு பில்லைக் கழித்து யூனிட்டுக்கு இவ்வளவு என்றால், அது அந்த இரண்டு பில்லுக்கும் நடுவே உள்ள படிக்கு மட்டும்தான் பொருந்தும். அதிலும் 500 யூனிட்டைத் தாண்டினால் கீழ்ப்படிகளில் கிடைத்த சலுகையிலும் கைவைப்பார்கள். ஒரு யூனிட் கூடியதற்கு நூற்றுக்கணக்கில் ஏறியது என்று சிலர் அட்டையோடு என் திண்ணைக்கு வந்ததுண்டு. மீட்டர் கெட்டுப்போகவில்லை, கோட்டில் ஒரு படிக்கட்டு இருக்கிறது.

10. இதையெல்லாம் கேட்டுவிட்டு 195ஐயும், 20 மூட்டைச் சீட்டை அப்படியே வகுத்தால் வரும் 165ஐயும் குப்பையில் போட்டுவிடாதீர்கள்.

குழுவில் இதற்காக ஒரு சண்டையே வந்தது. ஒரு தடவை குழுவுக்கு 28 மூட்டை வரவழைக்கும்போது, பக்கத்துத் தெருவில் தனியாகக் கருவாடு போடும் ஒரு அம்மா, "என் பேருக்கு ரெண்டு மூட்டை சேர்த்துக்கங்க, அடக்க விலை கொடுத்துடறேன்" என்றார். எது அடக்க விலை? புதுக் கணக்குக்காரி, நான் சொல்லிக்கொடுத்த சூட்டோடு, "மூட்டை 120, ரெண்டுக்கு 240" என்றாள். குழுத் தலைவி, "அதையும் சேர்த்து முப்பது மூட்டை, 4,500ஐ முப்பதால் வகு, மூட்டை 150, ரெண்டுக்கு 300" என்றார். இரண்டு பேரும் என்னிடம் வந்தார்கள்.

இருவரும் சரி, இருவரும் வேறு வேறு கேள்விக்குப் பதில் சொல்கிறார்கள். அந்த இரண்டு மூட்டையைச் சேர்த்ததால் குழுவுக்குக் கூடுதலாக ஆகும் செலவு 240தான். அவரிடம் 240 வாங்கினால் குழுவுக்கு ஒரு பைசா நஷ்டமில்லை. ஆனால் எல்லோரும் தம் பங்குக்கு 120 மட்டும் கொடுத்தால், 900 ரூபாய் வண்டியை யார் கொடுப்பது? அதற்குத்தான் 150. இன்னும் ஒன்று சேர்க்கலாமா, வேண்டாமா என்று முடிவெடுக்கும்போது 120ஐப் பாருங்கள். கருவாட்டை என்ன விலைக்கு விற்பது, யார் எவ்வளவு போடுவது என்று பேசும்போது 150ஐப் பாருங்கள். 120ஐ வைத்துக் கருவாடு விற்றால் வண்டி வாடகை ஒவ்வொரு நடையும் உங்கள் மடியிலிருந்துதான் போகும். நான்கு மாதம் கழித்து, "நல்லாத்தான் விக்கிறோம், காசு மட்டும் நிக்கலை" என்பீர்கள். இந்தக் கரையில் அப்படிக் கவிழ்ந்த வியாபாரம் நான் பார்த்ததே ஏழெட்டு இருக்கும்.

இரண்டு மூட்டைக்கு என்ன வாங்கினார்கள் என்று கேட்கிறீர்களா? 240 வாங்கிக்கொண்டார்கள். அந்த அம்மா ஆடி மாதம் குழுவில் ஒருத்திக்குப் பிள்ளை பிறந்தபோது பத்து நாள் சோறு ஆக்கிப் போட்டவர். நான் 300 என்றுதான் சொன்னேன். என் பேச்சை யாரும் கேட்கவில்லை, அதுவும் நல்லதுக்குத்தான்.

11. எல்லாவற்றுக்கும் "ஒன்றுக்கு இவ்வளவு" கிடையாது.

எங்கள் ஊர்க் கரையை எடுத்துக்கொள்ளுங்கள். 1980களின் கடைசியில் புதுச்சேரித் துறைமுகத்துக்கு அலைத்தடுப்புச் சுவர் கட்டினார்கள். தெற்கேயிருந்து வடக்கே ஓடிவரும் மணல் அங்கேயே தேங்கியது. வடக்கே இருக்கும் எங்களுக்கு மணல் வரவில்லை, கடல் வந்தது. அளக்க வந்தவர்கள் வருஷத்துக்கு இத்தனை அடி என்று சராசரி போட்டு எழுதிக்கொண்டு போனார்கள். அந்த எண்ணை நம்பி, இன்னும் பத்து வருஷம் தாங்கும் என்று கணக்குப் போட்டுச் சுவர் எழுப்பியவர்களை எனக்குத் தெரியும். கடல் மூன்று வருஷம் ஒன்றும் செய்யாது. பிறகு 2011 டிசம்பரில் தானே புயல் வந்த மாதிரி ஒரு ராத்திரியில் மொத்தத்தையும் வசூலித்துவிடும். உப்பு மூட்டைக்கு நேர்கோடு போடலாம். அலைக்குப் போடாதீர்கள்.

12. நாளைக்கு வரும்போது ஆளுக்கு இரண்டு சீட்டு கொண்டுவாருங்கள்.

ஐஸ் கடைப் பையனுக்கு மட்டும் நானே ஒன்று தருகிறேன். உங்கள் கடையிலிருந்து ஒரு படகுக்குப் போன ஐஸ்: திங்கட்கிழமை 5 பெட்டி, 640 ரூபாய். புதன்கிழமை 9 பெட்டி, 920 ரூபாய். வெள்ளிக்கிழமை 12 பெட்டி, 1,200 ரூபாய் என்று எழுதியிருக்கிறாய். முதல் இரண்டைக் கழித்து, வகுத்து, வெள்ளிக்கிழமைக்கு எவ்வளவு வர வேண்டும் என்று பார். உன் சீட்டோடு அது ஒத்துவரவில்லை. படகுக்காரர் இதுவரை ஒன்றும் கேட்கவில்லை. அவர் கேட்பதற்கு முன்னால் அந்த 70 ரூபாய் எங்கே இருந்து வந்தது என்று உன் மாமாவைக் கேட்டுக்கொண்டு வா.